மேடை இசை நாடகத்தை வீட்டுத் திரைக்காகப் படம்பிடிப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நியூயார்க்கின் புகழ்பெற்ற நாடக அரங்கப் பகுதியான பிராட்வேயின் இசை நாடகப் பதிவுகளை ஓடிடியில் பார்க்கத் தொடங்கியிருக்கும் நண்பர்களும், கல்லூரி நாடகக் குழுக்களில் இருக்கும் மாணவர்களும் ஏறத்தாழ ஒரே சந்தேகங்களைத் திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். அவற்றைக் கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். பெரும்பாலான பதில்களுக்கு ‘ஹாமில்டன்’ பதிவையே எடுத்துக்காட்டாகக் கொள்கிறேன். அமெரிக்காவின் முதல் கருவூலச் செயலர் அலெக்சாண்டர் ஹாமில்டனின் வாழ்க்கையை ராப் பாட்டுகளில் சொல்லும் அந்த நாடகத்தை லின்-மானுவல் மிராண்டா எழுதி, தாமஸ் கெய்ல் இயக்கினார். பதிவையும் கெய்லே இயக்கினார். 2020 ஜூலை 3 அன்று டிஸ்னி பிளஸ் தளத்தில் வெளியான அந்தப் பதிவைப் பலரும் பார்த்திருப்பதால் அதை வைத்து விளக்குவது எளிது.

இது சினிமாவா, நாடகமா, இரண்டுக்கும் நடுவில் ஏதோ ஒன்றா?

மேடையில் நடந்த நாடகத்தை, அதே மேடையில், அதே நடிகர்களையும் இசைக்குழுவையும் வைத்துக் கேமராவில் பதிவு செய்து, பிறகு படத்தொகுப்பு செய்து தருவதையே இந்தப் பக்கம் முழுவதும் ‘பதிவு’ என்று குறிப்பிடுகிறேன். கதையை மட்டும் எடுத்துக்கொண்டு, வெளிப்புறத்திலோ செட் போட்டோ புதிதாக எடுப்பது திரைப்படத் தழுவல். அது வேறு கலை.

‘கேட்ஸ்’ நாடகத்துக்கு இரண்டும் உண்டு. 1998-இல் வீடியோவாக வந்தது லண்டன் அடெல்ஃபி தியேட்டரின் மேடையில் எடுக்கப்பட்டது. அதில் பூனைகள் ஒப்பனையும் உடையும் தரித்த மனிதர்கள் என்பது வெளிப்படையாகவே தெரியும், அதைப் பார்ப்பவர் மனம் ஏற்றுக்கொள்ளவும் செய்யும். 2019-இல் வந்த திரைப்படம் கணினி வரைகலையால் நடிகர்கள்மேல் மயிர் வளர்த்துக் காட்டியது. மேடையின் பாவனையை மேடையாகவே காட்டும்போது கிடைக்கும் நம்பிக்கை, அதை நிஜமாக்க முயலும்போது கிடைப்பதில்லை என்பதே என் கருத்து.

நம்ம பழைய தமிழ்ப் படங்களும் இப்படித்தானே? நாடகத்தை அப்படியே எடுத்தாங்கன்னு சொல்றாங்களே?

ஓரளவுக்குத்தான் அது சரி. 1934-இல் கே. சுப்பிரமணியம் இயக்கிய ‘பவளக்கொடி’ மேடையில் வெற்றி பெற்ற நாடகம், எம்.கே. தியாகராஜ பாகவதரும் எஸ்.டி. சுப்புலட்சுமியும் மேடையில் ஏற்ற வேடங்களையே படத்திலும் ஏற்றார்கள். பின்னணிக் குரல் முறை வராத காலம் என்பதால் கேமரா முன்னாலேயே பாடவும் செய்தார்கள். ஆனால் அங்கே நாடகம் கேமராவுக்காக மறுபடி அமைக்கப்பட்டது. எதிரே ரசிகர்கள் இல்லை. மேலே சொன்ன பிரிவின்படி அவை தழுவல்களே.

ஒரே நாள் காட்சியை ஒரே மூச்சில் எடுத்துவிடுவார்களா?

அப்படி எடுத்தவையும் உண்டு. தொலைக்காட்சி தொடங்கிய காலத்தில் அதுவே வழக்கமாக இருந்தது. இப்போது கவனமாக எடுப்பவர்கள் குறைந்தது இரண்டு காட்சிகளை எடுக்கிறார்கள். ‘ஹாமில்டன்’ 2016 ஜூன் கடைசி வாரத்தில், நியூயார்க்கின் ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் தியேட்டரில், அரங்கு நிறைந்த காட்சிகளின்போது எடுக்கப்பட்டது. அவற்றுக்கு இடையே, ரசிகர்கள் இல்லாத நேரத்தில், சில பாடல்களை மட்டும் நடிகர்கள் மறுபடி நடித்துக் கொடுத்தார்கள். கிரேன், டாலி (கேமராவை வைத்துத் தள்ளும் சக்கர வண்டி), ஸ்டெடிகேம் (நடந்தபடி குலுங்காமல் எடுக்க உதவும், உடலில் மாட்டும் கருவி) ஆகியவற்றை மேடைக்கு அருகே கொண்டுவந்து எடுத்த நெருக்கமான காட்சிகள் அப்போது கிடைத்தவை.

அந்த வாரத்தைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. முக்கிய வேடங்களில் நடித்த மிராண்டா, லெஸ்லி ஓடம் ஜூனியர், ஃபிலிப்பா சூ ஆகிய மூவரும் ஜூலை 9 அன்று நாடகத்தை விட்டு விலகவிருந்தார்கள். மூன்றாம் ஜார்ஜ் மன்னராக நடித்த ஜோனத்தன் கிராஃப் ஏப்ரலிலேயே விலகியிருந்தும் பதிவுக்காகத் திரும்பி வந்தார். முதல் நடிகர் குழு கலைந்துபோனால் பிறகு எவ்வளவு பணம் செலவழித்தாலும் அந்த ஒத்திசைவை மீட்க முடியாது. அதனால் எங்கே, எப்போது வெளியிடுவது என்பதெல்லாம் முடிவாகும் முன்பே படம்பிடித்து வைத்துக்கொண்டார்கள்.

இரண்டு நாள் காட்சிகளை ஒட்டினால் அது ஏமாற்று வேலை இல்லையா?

நடிகர் ஒரு நாள் அப்படிச் செய்தார், அதைப் பார்க்க மக்கள் இருந்தார்கள் என்ற இரண்டும் உண்மையாக இருக்கும்வரை அதை ஏமாற்று என்று நான் கருதுவதில்லை. ஒலிப்பதிவுக் கூடத்தில் குரலை மாற்றிப் பாடவைத்து ஒட்டினால் அது வேறு விஷயம்.

ஒட்டுவது எளிதும் அல்ல. ஞாயிற்றுக்கிழமை வலது கையில் இருந்த கோப்பை செவ்வாய்க்கிழமை இடது கையில் இருக்கலாம்; இரண்டாம் பாதியில் வியர்வையில் நனைந்த சட்டைக் கழுத்து அடுத்த ஷாட்டில் உலர்ந்திருக்கலாம். இவற்றைவிடப் பெரிய சிக்கல் பாட்டின் வேகம். இசைக்குழுவை நடத்துபவர் ஒரு நாள் சற்றே விரைவாகவும் மறுநாள் சற்றே நிதானமாகவும் கொண்டுபோனால் இரண்டு நாள்களின் உதட்டசைவு ஒன்றோடொன்று பொருந்தாது. பல இசை நாடகங்களில் காதுக்குள் கேட்கும் தாளத் துடிப்பை வைத்து வாசிப்பது படத்தொகுப்பாளருக்குப் பெரிய உதவி.

எத்தனை கேமரா வைப்பார்கள்? டிக்கெட் வாங்கி வந்தவர்களுக்கு மறைக்காதா?

பெரிய தயாரிப்புகளில் ஆறிலிருந்து பத்து வரை வைப்பது வழக்கம். முழு மேடையையும் நடுவிலிருந்து அசையாமல் பார்க்கும் கேமரா ஒன்று கட்டாயம் இருக்கும். மற்றவை இரு பக்கங்களிலும், மாடியிலும், மேடையின் பின்புறத்திலும் இருக்கும். ரசிகர்களுக்கு மறைக்கும் என்று தெரிந்த இருக்கைகளை அன்றைக்கு விற்கமாட்டார்கள். சுமார் 1,300 இருக்கைகள் மட்டுமே உள்ள ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் போன்ற அரங்கில், டிக்கெட்டுக்கு அத்தனை கிராக்கி இருந்த காலத்தில், ஒவ்வோர் இருக்கையையும் விட்டுக்கொடுப்பது பெரிய செலவுதான். கிரேனை நிறைந்த அரங்குக்குள் கொண்டுவரவே முடியாது; மேலே சொன்ன ஆளில்லாத நேரப் படப்பிடிப்பு அதற்காகத்தான்.

குளோசப் வைக்கும்போது மற்றவர்கள் என்ன செய்கிறார்கள் என்றே தெரியவில்லை. முழு மேடையையும் காட்டினால் போதாதா?

எனக்கு வரும் கேள்விகளில் மிக நியாயமானது இதுதான். அரங்கில் உட்கார்ந்திருப்பவர் எங்கே பார்ப்பது என்பதைத் தாமே முடிவு செய்கிறார். பதிவில் அந்த உரிமை முழுவதும் இயக்குநர் கைக்குப் போய்விடுகிறது. பறித்துக்கொண்ட அந்த உரிமைக்கு ஈடாக ஒவ்வொரு வெட்டும் நமக்கு எதையாவது தர வேண்டும். முழு மேடையை மட்டுமே இரண்டரை மணி நேரம் காட்டினால் வீட்டுத் திரையில் மனிதர்கள் விரல் உயரத்துக்குச் சுருங்கிவிடுவார்கள். முகபாவம் ஒன்றுகூடத் தெரியாது. ஆகவே வெட்டாமலும் இருக்க முடியாது.

‘சாட்டிஸ்ஃபைடு’ என்ற பாடலைப் பாருங்கள். தங்கைக்கும் ஹாமில்டனுக்கும் நடக்கும் திருமணத்தில் வாழ்த்துச் சொல்லக் கோப்பையை உயர்த்தும் ஆஞ்செலிகாவின் நினைவில் காலம் பின்னோக்கி ஓடுகிறது. சற்று முன் நாம் பார்த்த நடனத்தையே குழுவினர் தலைகீழ் வரிசையில் ஆடுகிறார்கள். மேடையின் சுழலும் தளமும் திரும்புகிறது. இங்கே கேமரா விலகி நிற்காவிட்டால் காலம் திரும்புவது நமக்குப் புரியாது. ஆனால் ஹாமில்டனைத் தானும் விரும்பினாள் என்பது ஆஞ்செலிகாவாக நடிக்கும் ரெனே எலீஸ் கோல்ட்ஸ்பெரியின் கண்களில்தான் இருக்கிறது. அதற்கு மிக அருகில் போக வேண்டும். பதிவு இரண்டையும் செய்கிறது. காலம் திரும்பி முடியும்வரை பொறுத்திருந்து, பிறகு முகத்தைப் பிடித்துக்கொள்கிறது.

இழப்பும் இருக்கிறது. குழு நடனக்காரர்களில் ஒருவரான அரியானா டெபோஸ் துப்பாக்கிக் குண்டை உருவகப்படுத்துகிறார். கடைசித் துப்பாக்கிச் சண்டையில் குண்டை விரல்களில் ஏந்தி அவர் மெல்ல முன்னேறுவது பதிவில் நன்றாகவே தெரிகிறது. ஆனால் அதற்கு முன் மேடையின் ஓரங்களில் அவரையே பின்தொடர்ந்து பார்க்கும் இன்பம் அரங்குக்கு இரண்டாம் முறை போகிறவருக்குத்தான் முழுமையாகக் கிடைக்கும்.

மன்னராக வருபவர் பாடும்போது எச்சில் வழிகிறதே, அதை ஏன் வெட்டவில்லை?

வெட்டாமல் விட்டது சரியான முடிவு. கிராஃப் ஏறத்தாழ அசையாமல், நேராக நின்றபடி, விட்டுப்போன காதலியை மிரட்டுவதுபோல் அமெரிக்கக் குடியேற்றங்களை நோக்கிப் பாடுகிறார். வல்லின ஒலிகளை அழுத்தி உச்சரிக்கும்போது எச்சில் தெறித்து, உதட்டைத் தாண்டி மோவாயில் இறங்குகிறது. அவர் துடைப்பதில்லை, இமைப்பதுகூட இல்லை. அரங்கின் பின்வரிசையில் இருப்பவருக்கு அது தெரியவே தெரியாது, கேமராவுக்குத் தெரிந்தது. சிரிப்பூட்டும் பாட்டில் ஒளிந்திருக்கும் வெறியை அந்த ஈரம் காட்டிக்கொடுக்கிறது. முந்தைய பதிலில் சொன்ன ஈடு இதுதான்.

மேடை வெளிச்சம் கேமராவுக்குப் போதுமா?

வெளிச்சம் குறைவாக இருப்பதைவிட, பிரகாசத்துக்கும் இருளுக்கும் உள்ள இடைவெளி மிக அதிகமாக இருப்பதே பெரும்பாலும் சிக்கல். நம் கண் அந்த இடைவெளியைச் சமாளித்துவிடும், கேமரா சமாளிக்காது. நாயகனைப் பின்தொடரும் ஃபாலோ ஸ்பாட்டுக்கு ஏற்ப கேமராவை அமைத்தால் பின்னால் இருப்பவர்கள் கருமையில் மூழ்கிவிடுவார்கள். பின்னால் இருப்பவர்களுக்கு ஏற்ப அமைத்தால் நாயகன் முகம் சுண்ணாம்பு அடித்ததுபோல் வெளுத்துவிடும். ஆகவே நாடகத்தின் ஒளியமைப்பாளரும் பதிவின் ஒளிப்பதிவாளரும் சேர்ந்து உட்கார்ந்து, ஸ்பாட்டைச் சற்றுக் குறைத்து, இருண்ட பகுதிகளைச் சற்றே தூக்கிவிடுவார்கள். ரசிகர்களுக்கு வேறுபாடு தெரியக் கூடாது என்பதால் இதை மிக நிதானமாகச் செய்ய வேண்டும். எல்இடி விளக்குகளும் எல்இடி திரைகளும் கேமராவில் துடிப்பதும் உண்டு. அதை முன்கூட்டியே சோதித்துப் பார்த்து ஷட்டர் வேகத்தை மாற்றிச் சரிசெய்வார்கள்.

ஒப்பனையும் அப்படித்தான். பின்வரிசைக்காகத் தீட்டிய புருவம் குளோசப்பில் மையாக நிற்கும். விக்கின் ஓரமும் நெற்றியில் ஒட்டிய மைக்கும் தெரியும். சிறிய மைக் தெரிந்தால் எனக்குக் குறையாகத் தோன்றுவதில்லை. அது மேடை என்பதை யாரும் மறைக்க வேண்டியதில்லையே.

அரங்கின் ஸ்பீக்கரிலிருந்து வரும் ஒலியைப் பதிவு செய்தால் போதாதா?

போதாது. அரங்கில் ஒலியை இயக்குபவர் அந்தக் கூடத்துக்காக மட்டுமே குரல்களைக் கலக்கிறார். சுவர்களின் எதிரொலி, மேடையிலிருந்து நேரே வரும் முரசின் அதிர்வு எல்லாவற்றையும் கணக்கில் வைத்தே அவர் கை நகர்கிறது. அதை அப்படியே வீட்டுக்குக் கொண்டுவந்தால் பாடகர்கள் கிணற்றுக்குள் இருப்பதுபோல் கேட்கும். ஆகவே ஒவ்வொரு நடிகரின் மைக்கையும், ஒவ்வொரு வாத்தியத்தையும் தனித்தனி டிராக்கில் பதிவு செய்து, பிறகு ஸ்டூடியோவில் வீட்டு ஸ்பீக்கருக்கு ஏற்றபடி புதிதாக மிக்ஸ் செய்கிறார்கள். கைதட்டலுக்கும் சிரிப்புக்கும் ரசிகர்கள் பக்கம் தனி மைக்குகள் இருக்கும். எல்லாக் கேமராக்களும் ஒலிப்பதிவுக் கருவிகளும் ஒரே நேரக்குறியில் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் பதியும் நேர எண்) ஓடினால்தான் பின்னால் பொருத்த முடியும்.

படம் கொஞ்சம் மங்கலாக இருந்தாலும் இசை நாடகத்தைப் பார்த்துவிடலாம்; வரிகள் காதில் விழாவிட்டால் பார்க்க முடியாது. பணம் குறைவாக இருந்தால் முதலில் ஒலிக்குச் செலவிடுங்கள் என்று கேட்பவர்களிடமெல்லாம் சொல்கிறேன்.

ரசிகர்களே இல்லாமல் எடுத்தால் இன்னும் சுத்தமாக இருக்குமே?

சுத்தமாக இருக்கும், ஆனால் உயிர் குறையும். ‘டயானா’ இசை நாடகம் 2020-இல், கோவிட் காரணமாக அரங்குகள் மூடியிருந்தபோது, லாங்ஏக்கர் தியேட்டரில் ரசிகர்கள் இன்றி எடுக்கப்பட்டது. ஒரு நகைச்சுவை வரி முடிந்ததும் வரும் அமைதியில் நடிகர் எதற்காக நிறுத்தினார் என்பதே நமக்குப் புரிவதில்லை. 2021 மே மாதம் எடுக்கப்பட்ட ‘கம் ஃப்ரம் அவே’ குழுவினர் அழைப்பின்பேரில் ரசிகர்களை வரவழைத்தார்கள்; 2001 செப்டம்பர் 11 தாக்குதலில் உயிர் தப்பியவர்களும், கோவிட் காலத்து முன்களப் பணியாளர்களும் அவர்களில் இருந்தார்கள். அந்தத் தாக்குதலின்போது திசைதிருப்பப்பட்ட விமானங்களின் பயணிகளுக்கு கனடாவின் கேண்டர் ஊர் மக்கள் இடமளித்த கதை அது. யார் பார்க்கிறார்கள் என்பது நடிப்பில் தெரிகிறது.

பாட்டு ஆல்பம் என்னிடம் இருக்கிறது. பதிவில் புதிதாக என்ன?

நடிப்பு, நடனம், ஒளி ஆகியவற்றைத் தவிர, 2015-இல் வந்த ‘ஹாமில்டன்’ ஆல்பத்தில் வேண்டுமென்றே சேர்க்காத ஒரு சிறு காட்சி பதிவில் இருக்கிறது. நண்பன் ஜான் லாரன்ஸ் இறந்த செய்தி ஹாமில்டனுக்கு வரும் இடம் அது. ஆல்பத்தை மனப்பாடமாக அறிந்தவர்களும் அங்கே திகைத்துப்போவார்கள்.

வீட்டுத் திரைக்காக எதையாவது மாற்றினார்களா?

மிகக் குறைவாகத்தான். பிஜி-13 (பதின்மூன்று வயதுக்குக் குறைந்தவர்கள் விஷயத்தில் பெற்றோர் எச்சரிக்கையாக இருக்கச் சொல்லும் அமெரிக்கத் தணிக்கைத் தரம்) சான்று பெறுவதற்காக இரண்டு இடங்களில் ஒரு வசைச்சொல்லை மறைத்தார்கள். இரு பாதிகளுக்கு நடுவே ஒரு நிமிட இடைவேளையும் வைத்தார்கள். உண்மையான இடைவேளையைப்போல் எழுந்து நடந்துவிட்டு வந்து இரண்டாம் பாதியைப் பார்ப்பது நல்லது. மொத்தம் 160 நிமிடங்கள்.

சப்டைட்டில் வைத்துக்கொள்ளலாமா என்றும் இதோடு கேட்பார்கள். சுமார் 20,000 சொற்கள் உள்ள நாடகம் என்பதால் முதல் முறை கட்டாயம் வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் அது திரையின் அடிப்பகுதியை, அதாவது ஆடுபவர்களின் கால்களை, மறைக்கும். இரண்டாம் முறை எடுத்துவிட்டுப் பாருங்கள்.

வீட்டிலேயே பார்க்கலாம் என்றால் தியேட்டருக்கு யார் போவார்கள்?

தயாரிப்பாளர்களின் பழைய அச்சம் இது. பல நாடகங்கள் ஓட்டம் முடிந்த பிறகே வெளியிடப்பட்டதற்கும் இதுவே காரணம். ‘ரென்ட்’ 2008 செப்டம்பர் 7 அன்று, பிராட்வேயில் தன் கடைசிக் காட்சியின்போது எடுக்கப்பட்டது. ‘ஹாமில்டன்’ இந்த அச்சத்தைப் பெருமளவு தணித்தது. 2021 அக்டோபரில் திரையரங்குகளுக்கு என்று திட்டமிட்டிருந்ததை, கோவிட் வந்ததால் முன்கூட்டியே வீடுகளுக்குக் கொண்டுவந்தார்கள். 2021 செப்டம்பர் 14 அன்று நாடகம் மறுபடி தொடங்கி, தொடர்ந்து ஓடியது. 2025 செப்டம்பரில், ஓடிடியில் ஐந்தாண்டுகளாக இருந்த அதே பதிவு திரையரங்குகளுக்கும் போனது.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். மேலே குறிப்பிட்ட ‘டயானா’ 2021 அக்டோபர் 1 அன்று நெட்ஃப்ளிக்ஸில் வந்தது. மேடையில் நவம்பர் 17 அன்று முறைப்படி தொடங்கி, டிசம்பர் 19 அன்றே முடிந்துபோனது. பதிவு மட்டுமே காரணம் என்று சொல்ல முடியாது, விமர்சனங்களும் கடுமையாக இருந்தன. ஆயினும் நல்ல நாடகத்துக்குப் பதிவு விளம்பரமாகிறது, பலவீனமான நாடகத்தின் பலவீனத்தை முன்கூட்டியே ஊரறியச் செய்துவிடுகிறது என்பதே என் முடிவு.

அப்படியானால் எல்லா நாடகங்களையும் ஏன் வெளியிடுவதில்லை?

பணமும் உரிமைகளும்தான் தடை. எழுத்தாளர், இசையமைப்பாளர், இயக்குநர், நடனம் அமைத்தவர், வடிவமைப்பாளர்கள், நடிகர்கள், இசைக்கலைஞர்கள், மேடைப் பணியாளர்கள் என ஒவ்வொருவரோடும் அல்லது அவர்களுடைய சங்கத்தோடும் தனி ஒப்பந்தம் வேண்டும். மேடைக்குப் போட்ட ஒப்பந்தம் கேமராவுக்குச் செல்லாது. 2020-இல் மேடை நடிகர்கள் சங்கத்துக்கும் திரை நடிகர்கள் சங்கத்துக்கும் இத்தகைய பதிவுகள் யார் வரம்பில் வரும் என்று பெரிய தகராறே நடந்து, நவம்பரில்தான் உடன்பாடு ஏற்பட்டது.

எடுத்தும் வெளிவராதவை ஏராளம். நியூயார்க் பொது நூலகத்தின் நிகழ்த்துகலைப் பிரிவில் 1970-இல் பெட்டி கார்வின் தொடங்கிய காப்பகம் நாடகங்களைப் பதிவு செய்து வைத்திருக்கிறது. அவற்றை அங்கேயே போய், ஆய்வுக்காக மட்டுமே பார்க்க முடியும். வெளியே விடமாட்டோம் என்ற உறுதியின்பேரில்தான் கலைஞர்கள் அந்தப் பதிவுக்கே சம்மதித்தார்கள். எனக்கும் பார்க்க ஆசைதான். ஆனால் அந்த உறுதியை மீறினால் அடுத்த நாடகத்தை எடுக்க யாரும் அனுமதிக்கமாட்டார்கள்.

யாரோ ஃபோனில் எடுத்ததை அனுப்பினார்கள். அதைப் பார்த்தால் என்ன?

முந்தைய பதிலில் உள்ள நீண்ட பட்டியலில் ஒருவருக்கும் அதில் காசு போகாது, சம்மதமும் கிடையாது. கலை நோக்கிலும் அது நாடகத்துக்குச் செய்யும் அநியாயம். வெளிச்சத்தையும் ஒலியையும் பற்றி மேலே சொன்ன எந்தச் சீரமைப்பும் இல்லாத அந்தப் பதிவை வைத்து ஒரு நாடகத்தை எடைபோடாதீர்கள்.

எங்கள் கல்லூரியில் இசை நாடகம் போடுகிறோம். மூன்று கேமராதான் இருக்கிறது. எப்படி எடுப்பது?

மூன்று போதும். ஒன்றை நடுவில், ரசிகர்களின் தலைக்கு மேல், முழு மேடையும் தெரியும்படி நிறுத்திவிட்டு அதைத் தொடாதீர்கள். மற்ற இரண்டும் தவறும்போதெல்லாம் அதுதான் காப்பாற்றும். மற்றவற்றை இரு பக்கங்களில் வைத்து, ஒன்றை முகங்களுக்கும் ஒன்றை இருவர் மூவர் சேர்ந்து வரும் இடங்களுக்கும் பயன்படுத்துங்கள். எக்ஸ்போஷர், வெள்ளைச் சமநிலை, ஃபோகஸ் ஆகியவற்றைத் தானியங்கி முறையில் விடாதீர்கள். விளக்கு மாறும்போதெல்லாம் கேமரா தடுமாறி, படம் வெளுத்தும் கறுத்தும் போகும்.

மிக்ஸரிலிருந்து நேரடியாக ஒலியை எடுத்துக்கொண்டு, ரசிகர்களுக்காகத் தனியே ஒரு மைக் வையுங்கள். எல்லாக் கேமராவும் ஓடத் தொடங்கியதும் மேடையில் ஒருவர் பலமாக ஒருமுறை கைதட்டினால் பின்னால் பொருத்துவது எளிது. முடிந்தால் உடையோடு நடக்கும் கடைசி ஒத்திகையையும் எடுத்துவிடுங்கள். அன்றைக்கு ஒரு கேமராவை மேடைக்கு அருகே கொண்டுபோகலாம். எல்லாவற்றுக்கும் முன்னால், கேமரா பிடிப்பவர்கள் நாடகத்தைக் குறைந்தது இரண்டு முறை கேமரா இல்லாமல் பார்த்திருக்க வேண்டும். அடுத்த வரியை யார் பாடப்போகிறார் என்று தெரியாதவர் எப்போதும் அரை நொடி தாமதமாகத்தான் திரும்புவார்.

நடத்துவதற்கு உரிமம் வாங்கிவிட்டோம். பதிவை யூடியூபில் போடலாம் அல்லவா? குறைந்தது பெற்றோருக்காவது கொடுக்கலாமா?

தானாக அந்த உரிமை வந்துவிடாது. அமெரிக்க, பிரிட்டிஷ் இசை நாடகங்களுக்கு உரிமம் தரும் நிறுவனங்கள் மேடையில் நடத்தும் உரிமை, படம்பிடிக்கும் உரிமை, இணையத்தில் ஒளிபரப்பும் உரிமை ஆகியவற்றை வேறுவேறாகவே வைத்திருக்கின்றன. சில நாடகங்களுக்குக் கூடுதல் கட்டணத்தில் பதிவு செய்ய அனுமதி கிடைக்கும். சிலவற்றுக்கு எந்த விலைக்கும் கிடைக்காது. குடும்பத்தாருக்கு மட்டும் பிரதி கொடுப்பதும்கூட அந்த ஒப்பந்தத்தில் எழுதியிருந்தால்தான் செல்லும். ஆகவே ஒத்திகை தொடங்கும் முன்பே உரிமம் தருபவருக்கு எழுதி, எத்தனை பிரதி, யாருக்கு, எவ்வளவு காலம் என்பதைத் தெளிவாகக் கேட்டு, பதிலை எழுத்தில் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். நாடகத்தை உங்கள் குழுவே எழுதி இசையமைத்திருந்தாலும் எழுதியவர், இசையமைத்தவர், நடித்தவர் எல்லாரிடமும் ஒரு பக்கத்திலாவது கையெழுத்து வாங்கிவிடுங்கள். நண்பர்களாக இருக்கும்போதே அதை வாங்குவது எளிது.